அமைச்சர் நாற்காலியும் விவாத மேடையும்: ரொஸ்லின் பாஷ்லோவின் அரசியல், ஊடக வாழ்க்கை

பதிவு 1 | திருவேங்கடம்

நண்பர்களுக்கு வணக்கம். பிரான்சில் அரசியலிலிருந்து தொலைக்காட்சிக்குப் போனவர்கள் பலர் உண்டு. தொலைக்காட்சியிலிருந்து அரசியலுக்கு வந்தவர்களும் உண்டு. அமைச்சராக இருந்து, முழுநேரக் கருத்துரையாளராகி, எட்டு ஆண்டுகள் கழித்து மறுபடியும் அமைச்சரானவர் என்று பார்த்தால் எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் ரொஸ்லின் பாஷ்லோ. சிராக், சார்க்கோசி, மக்ரோன் ஆகிய மூன்று குடியரசுத் தலைவர்களின் காலத்தில் சுற்றுச்சூழல், சுகாதாரம், சமூக நலம், பண்பாடு ஆகிய துறைகளை ஏற்றவர். அவரைப் பற்றி நீண்ட நாட்களாக என் மனத்தில் இருக்கும் ஒரு கேள்வியை இங்கே வைக்கிறேன்.

முதலில் அவர் எங்கிருந்து வந்தார் என்பதைச் சொல்ல வேண்டும். 1946 டிசம்பரில் நெவேர் நகரில் பிறந்தவர். தந்தை ழான் நார்க்கன் பல் மருத்துவர். ஜெர்மானிய ஆக்கிரமிப்பை எதிர்த்த போராளி. 1968 முதல் 1988 வரை மேன்-எ-லுவார் மாவட்டத்தின் தேசியப் பேரவை உறுப்பினர். மருந்தியலில் முனைவர் பட்டம் பெற்று மருந்தாளுநராகப் பணியாற்றிய மகள், 1988இல் தந்தையின் தொகுதியிலேயே போட்டியிட்டு வென்றார். ஆகவே, தன்னந்தனியாக மேலேறி வந்தவர் என்று அவரைச் சொல்ல முடியாது. ஆனால் பரம்பரையாகக் கிடைத்த தொகுதியைத் தக்கவைக்க எவரையும் பகைத்துக்கொள்ளாமல் அமைதியாக இருந்துவிட்டார் என்றும் சொல்ல முடியாது.

1998 இலையுதிர்காலம் அதற்குச் சாட்சி. ஆணும் பெண்ணும், அல்லது ஒரே பாலினத்தவர் இருவர், திருமணம் செய்துகொள்ளாமலே சட்டப்படி சேர்ந்து வாழ வழிசெய்யும் 'பாக்ஸ்' ஒப்பந்த மசோதா அப்போது பேரவையில் இருந்தது. இடதுசாரி அரசு கொண்டுவந்த மசோதா அது. வலதுசாரித் தரப்பில் கிறிஸ்தீன் புத்தான் ஐந்து மணி நேரத்துக்கும் மேலாக அதை எதிர்த்துப் பேசினார். பாஷ்லோவோ வலதுசாரிக் கட்சியான ஆர்பிஆரைச் சேர்ந்தவர். எதிர்க்கட்சி வரிசையில் அமர்ந்தவர். நவம்பர் 7ஆம் தேதி அவர் எழுந்து மசோதாவை ஆதரித்துப் பேசினார். தன் சொந்த அணியினரின் பகைமையை எதிரில் வைத்துக்கொண்டே பேசியவர், அன்று அவையிலேயே கண்ணீர் விட்டார். அந்த ஒளிப்பதிவைப் பார்த்தவர்களுக்கு அந்த முகம் மறக்காது. ஆர்பிஆர் உறுப்பினர்களில் மசோதாவுக்கு ஆதரவாக வாக்களித்தவர் அவர் ஒருவரே. 1999 அக்டோபரில் அது இறுதியாக நிறைவேறியது.

இப்போது 2016 மார்ச் மாதத்துக்கு வாருங்கள். பாஷ்லோ 2012இலேயே அரசியலை விட்டு விலகி, டி8 அலைவரிசையில் லொரான்ஸ் ஃபெராரி நடத்திய 'லெ கிராந்த் உய்த்' என்ற பகல் நேர உரையாடல் நிகழ்ச்சியில் கருத்துரையாளராக இருக்கிறார். டென்னிஸ் வீராங்கனை ஷரபோவா ஊக்கமருந்துச் சோதனையில் சிக்கிய செய்தி வந்த வாரம் அது. பேச்சு வளர்ந்தபோது, 2012இல் ரஃபேல் நடால் காயம் என்று சொல்லி ஏழு மாதங்கள் ஆடாமல் இருந்ததற்கு உண்மைக் காரணம் சோதனையில் அவர் தோற்றதாகத்தான் இருக்க வேண்டும் என்ற பொருள்படப் பாஷ்லோ பேசினார். எந்தச் சான்றும் தரவில்லை. நடால் வழக்குத் தொடுத்தார். 2017 நவம்பரில் பாரிஸ் நீதிமன்றம் பாஷ்லோ அவதூறு செய்தார் என்று தீர்ப்பளித்து, 500 யூரோ அபராதத்தை நிறுத்திவைத்தும், 10,000 யூரோ இழப்பீடு தரச் சொல்லியும் உத்தரவிட்டது. நடால் கேட்டது ஒரு லட்சம் யூரோ.

என் கேள்வி இதுதான். 2007 முதல் 2010 வரை விளையாட்டுத் துறையும் அவர் கையில் இருந்தது. ஊக்கமருந்துக் கடத்தலைத் தடுக்கும் 2008ஆம் ஆண்டுச் சட்டம் அவர் அமைச்சராக இருந்தபோது வந்தது. அன்று மேடையில் நடாலைப் பற்றிச் சொன்னது யார்? பகல் நேர நிகழ்ச்சியின் கருத்துரையாளரா, முன்னாள் விளையாட்டு அமைச்சரா? கேட்டவர்கள் அதை யாருடைய சொல்லாக எடுத்துக்கொண்டார்கள்? 1998இல் ஒரு சொல்லுக்காகத் தன் கட்சியையே எதிர்த்து நின்ற ஒருவர், 2016இல் ஒரு சொல்லை இத்தனை எளிதாக உதிர்த்தது ஏன் என்று நான் இன்றும் வருத்தத்தோடு யோசிக்கிறேன்.


பதிவு 2 | மாலதி

திருவேங்கடம் ஐயா, நீங்கள் 1998இலிருந்து 2016க்குத் தாண்டிவிட்டீர்கள். இடையில் இருக்கும் 2009ஐ விட்டுவிட்டு அவரைப் புரிந்துகொள்ள முடியாது. நான் அப்போது பாரிசின் வடக்குப் புறநகர் ஒன்றில் இரண்டு சிறு பிள்ளைகளோடு வசித்தேன் என்பதால் இதைச் சற்று விரிவாக எழுதுகிறேன்.

எச்1என்1 காய்ச்சலை உலகப் பெருந்தொற்று என்று 2009 ஜூன் 11இல் உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. சுகாதார அமைச்சரான பாஷ்லோ 9 கோடியே 40 லட்சம் தடுப்பூசி அளவுகளுக்கு ஒப்பந்தம் செய்தார். ஆறரைக் கோடி மக்கள் இருக்கும் நாட்டுக்கு இது பைத்தியக்காரத்தனம் என்று பின்னால் எல்லோரும் எழுதினார்கள். ஒருவருக்கு இரண்டு ஊசி தேவைப்படும் என்பதுதான் ஒப்பந்தம் போட்டபோது இருந்த மருத்துவக் கருத்து என்பதை எழுதியவர்கள் வெகு சிலர். நவம்பரில்தான் பெரும்பாலானோருக்கு ஒன்றே போதும் என்று தெரிந்தது. அந்த ஒரு தகவலால் கையிருப்பு ஒரே நாளில் இருமடங்கானது போல ஆகிவிட்டது. 2010 ஜனவரி தொடக்கத்தில் 5 கோடி அளவுகளுக்கான ஒப்பந்தத்தை அவரே ரத்து செய்தார். கடைசியில் ஊசி போட்டுக்கொண்டவர்கள் பத்தில் ஒருவருக்கும் குறைவு.

எங்கள் வீட்டுக்கு மருத்துவக் காப்பீட்டு அலுவலகத்திலிருந்து உறையில் சீட்டுகள் வந்தன, ஆளுக்கு ஒன்று. குறிப்பிட்ட உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போகச் சொல்லியிருந்தார்கள். டிசம்பர் குளிரில், மடியில் கைக்குழந்தையும் கையில் பெரியவனுமாகக் கூடத்துக்கு வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் வரிசையில் நின்றேன். உள்ளே கூடைப்பந்து வளையத்துக்குக் கீழே மடக்கு மேசைகள் போட்டிருந்தார்கள். தரையில் ஆட்டக் கோடுகளின் மேல் ஒட்டுத்தாளால் அம்புக்குறிகள். முதல் மேசையில் படிவம், இரண்டாவதில் கேள்வி கேட்கும் மருத்துவர், மூன்றாவதில் செவிலியர். படிவத்தில் இருந்த நோய்ப் பெயர்கள் பாதி எனக்குப் புரியவில்லை. எனக்கு முன்னால் நின்ற மாலி நாட்டு அம்மாவுக்கு அதுவும் தெரியவில்லை. எங்கள் குடும்ப மருத்துவரிடம் கேட்டபோது, "இந்தப் பொறுப்பு எங்களுக்குத் தரப்படவில்லை" என்று மனம் நொந்து சொன்னார்.

மருந்துக் குப்பி பத்துப் பேருக்கானது. திறந்தால் ஒரு நாளுக்குள் தீர்க்க வேண்டும். தனி மருத்துவரிடம் கொடுத்தால் வீணாகும் என்பது அரசு சொன்ன காரணம். காரணம் உண்மைதான். ஆனால் பதினைந்து ஆண்டுகளாகத் தெரிந்த மருத்துவர் "போட்டுக்கொள் அம்மா" என்று சொல்லும் ஒரு வார்த்தைக்குக் கூடம் ஈடாகாது. 2010 ஜனவரி 12 முதல் மருத்துவர்களுக்கு அனுமதி தந்தார்கள். அதற்குள் காய்ச்சல் அலையே ஓய்ந்துவிட்டது.

பாஷ்லோவை நாடே கேலி செய்தது. பத்து ஆண்டுகளுக்குப் பிறகு, 2020 மார்ச்சில், அரசின் கையிருப்பில் வெறும் 11 கோடியே 70 லட்சம் அறுவைச் சிகிச்சை முகக்கவசங்களே இருக்கின்றன என்று தெரிந்தபோது, பாஷ்லோ காலத்தில் அது சுமார் 100 கோடியாக இருந்ததை எல்லோரும் நினைவுகூர்ந்தார்கள். கேலி செய்த அதே ஊடகங்கள் அவரை அழைத்து உட்காரவைத்துக் கேட்டன. 2020 ஜூலை 1இல் பேரவையின் விசாரணைக் குழு முன் அவர் சாட்சியம் சொன்னார். ஐந்து நாட்களில் பிரதமர் காஸ்தெக்ஸின் அமைச்சரவையில் பண்பாட்டு அமைச்சரானார்.

ஐயா, பத்து ஆண்டுகள் கேலியைத் தாங்கியவர் என்பதையும் அவர் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.


பதிவு 3 | கதிரவன்

மாலதி அக்காவின் நேரடி அனுபவம் இந்த இழைக்குக் கிடைத்த பேறு. ஆனால் அதிலிருந்து அவர் வந்து சேரும் இடத்தை என்னால் ஏற்க முடியவில்லை.

முகக்கவசங்கள் விஷயத்தில் பாஷ்லோவின் பக்கம் நியாயம் இருக்கிறது. முந்தைய அரசு தொடங்கிய கையிருப்புத் திட்டத்தைக் கைவிடாமல் வளர்த்தார். அவருக்குப் பின் வந்தவர்கள் அது குறைந்துபோக விட்டார்கள். அதற்கென்றே 2007இல் சட்டம் போட்டு உருவாக்கிய தனி நிறுவனமும் 2016இல் வேறொரு பெரிய அமைப்புக்குள் கரைக்கப்பட்டது. இதையெல்லாம் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கையிருப்பில் சரியாக இருந்தது, தடுப்பூசி இயக்கத்தை நடத்திய முறையைச் சரியாக்கிவிடாது. அக்கா நின்ற வரிசைக்கு 2020ஆம் ஆண்டு பதில் சொல்லவில்லை. 2020இல் பிரெஞ்சு ஊடகங்கள் இரண்டையும் ஒன்றாக்கி, "பாஷ்லோ சொன்னதுதான் சரி" என்று ஒரே மூச்சில் முடித்தன. அந்த முடிப்பில் அவரே கருத்துரையாளராக உட்கார்ந்திருந்ததும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். மேடையில் நாள்தோறும் இருப்பவர் தன் வரலாற்றைத் தானே எழுதிக்கொள்ள முடியும். மேடையில் இடமில்லாத குடும்ப மருத்துவருக்கு அந்த வாய்ப்பு இல்லை.

என் முதன்மையான குறை இதைவிடப் பெரியது. 2009 ஜூலை 21ஆம் தேதி வந்த மருத்துவமனைச் சட்டம் அவருடைய சட்டம். மருத்துவமனைக்கு ஒரே ஒரு தலைவர்தான் இருக்க வேண்டும் என்ற சார்க்கோசியின் எண்ணத்தைச் சட்டமாக்கி, இயக்குநரின் கையில் அதிகாரத்தைக் குவித்தது. மண்டல சுகாதார முகமைகளை உருவாக்கியதும் அதுவே. அந்த ஆண்டு வசந்த காலத்தில் பேராசிரிய மருத்துவர்களே பாரிஸ் தெருக்களில் வெள்ளை அங்கியோடு இறங்கி அதை எதிர்த்தார்கள். பதினெட்டு வயதுக்குக் குறைந்தவர்களுக்கு மது விற்கத் தடை போன்ற நல்லவையும் அந்தச் சட்டத்தில் உண்டு. ஆனால் பின்னாட்களில் அவசரப் பிரிவுகள் திணறியபோதெல்லாம் அந்தச் சட்டமும் குற்றக் கூண்டில் ஏற்றப்பட்டது.

அமைச்சர் பதவியை விட்ட பிறகு டி8, ஆர்எம்சி, எல்சிஐ என்று ஒலி, ஒளிபரப்பு நிலையங்களுக்கிடையே அவர் இடம்மாறிக்கொண்டே இருந்தார். மருத்துவமனை நெருக்கடி பேசுபொருளாகும் ஒரு மேடையில் அந்தச் சட்டத்தை இயற்றியவர் கருத்துரையாளராக அமர்ந்தால், அவர் வழக்குக்கு வெளியே நிற்கும் நடுவர் ஆவாரா? தன் சட்டத்துக்காக வாதாடுபவர் அல்லவா? பார்வையாளருக்கு அந்த வேறுபாட்டை யார் சொல்வது? நடால் விஷயத்தில் அவர் சொன்னது பிழை என்பதை ஒரு நீதிமன்றம் சொல்லிவிட்டது. மருத்துவமனையைப் பற்றி அவர் சொன்னதை எந்த நீதிமன்றமும் சரிபார்க்காது. எனக்கு இரண்டாவதே அதிகக் கவலை.


பதிவு 4 | இளவழகி

நான் சட்டம் படித்தவள் என்பதால் நடால் வழக்கைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

பிரான்சில் அவதூறு இன்றும் 1881 ஜூலை 29ஆம் தேதிய பத்திரிகைச் சட்டத்தின் கீழ்தான் விசாரிக்கப்படுகிறது. குற்றம் சாட்டப்பட்டவருக்கு இரண்டு கதவுகள் உண்டு. ஒன்று, சொன்னது உண்மை என்று நிறுவுவது. அதற்கான சான்றுகளை அழைப்பாணை கிடைத்த பத்து நாட்களுக்குள் முன்வைத்தாக வேண்டும். கெடு தவறினால் அந்தக் கதவு மூடிவிடும். இரண்டாவது, நல்லெண்ணம். இந்தச் சொல் தமிழில் கேட்பதைவிட அங்கே கண்டிப்பானது. பேசியதற்கு நியாயமான நோக்கம் இருந்ததா, தனிப்பட்ட பகை இல்லையா, சொல்லில் நிதானம் இருந்ததா, பேசுமுன் தீர விசாரித்தாரா என்று நான்கையும் நீதிபதிகள் பார்ப்பார்கள்.

கடைசி இரண்டும்தான் கருத்துரையாளர்களுக்கு இடறும் கல். ஊக்கமருந்தைப் பற்றிப் பேசுவது பொதுநல நோக்கம் என்பதில் ஐயமில்லை. பாஷ்லோவுக்கு நடால் மேல் எந்தப் பகையும் இருந்ததாகத் தெரியவில்லை. ஆனால் விசாரிப்பது ஒரு செய்தியாளரின் அன்றாட வேலை; கருத்துரையாளர் கையில் குறிப்பேடு இருப்பதில்லை. அவர் முன்னால் ஒரு கோப்பைத் தண்ணீரும், ஐந்து நிமிட நேரமும், பக்கத்தில் இருப்பவர் முடித்தவுடன் தொடங்க வேண்டிய அவசரமும் இருக்கின்றன. அமைச்சருக்கு எழுதித் தர அலுவலகம் உண்டு. சொல்லும் முன் நிறுத்திப் பார்க்கச் சட்ட ஆலோசகர் உண்டு. நிகழ்ச்சிக்கு வந்த அன்று அந்த இரண்டும் போய்விடுகின்றன. அமைச்சராக இருந்தபோது சேர்ந்த நம்பகம் மட்டும் உடன் வருகிறது. திருவேங்கடம் ஐயா கேட்ட "ஏன்" என்ற கேள்விக்கு எனக்குத் தெரிந்த விடை இது. அவருடைய குணத்தில் நான் அதைத் தேட மாட்டேன்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். வழக்குத் தொடுத்ததோடு நடால் நிற்கவில்லை. 2016 ஏப்ரலில் உலக டென்னிஸ் கூட்டமைப்பின் தலைவருக்குக் கடிதம் எழுதித் தன் சோதனை முடிவுகள் அனைத்தையும் வெளியிடுமாறு கேட்டார். மேடையில் ஒருவர் அரை நிமிடத்தில் சொல்லிவிட்டுப் போன ஒரு வாக்கியத்தைத் துடைக்க, மற்றவர் ஒன்றரை ஆண்டு உழைக்க வேண்டியிருந்தது.


பதிவு 5 | திருவேங்கடம்

இளவழகி அம்மா, நீங்கள் எழுதியது என் கேள்வியையே திருத்திவிட்டது. அலுவலகமும் சட்ட ஆலோசகரும் போய்விட்ட பிறகும் நம்பகம் மட்டும் கூட வருகிறது என்பதை நான் யோசித்திருக்கவில்லை.

ஆனால் ஓர் ஐயம் மீதி இருக்கிறது. அமைச்சராக இருந்தபோதும் அவர் எழுதித் தந்ததை மட்டும் வாசித்தவர் இல்லை. 2010 கால்பந்து உலகக் கோப்பையின்போது தென் ஆப்பிரிக்காவின் நைஸ்னாவில் பிரெஞ்சு வீரர்கள் பேருந்தை விட்டு இறங்காமல் பயிற்சியைப் புறக்கணித்தார்கள். பாஷ்லோ நேரில் போய் அவர்களைச் சந்தித்தார். ஜூன் 23இல் பேரவையில் பேசும்போது, பக்குவமில்லாத தாதாக்கள் சிலர் அஞ்சி நடுங்கும் பையன்களை ஆட்டிவைக்கிறார்கள் என்று சாடினார். புறநகரிலிருந்து வந்த வீரர்களைக் குறித்து அந்தச் சொல்லைப் பயன்படுத்தியது பலரையும் புண்படுத்தியது. ஆகவே, மேடை அவர் நாக்கை மாற்றியது என்று மட்டும் சொல்ல முடியவில்லை.


பதிவு 6 | நெய்தல்

பாஷ்லோ இசைநாடகத்தின் பெரும் பற்றாளர். வெர்டியைப் பற்றி ஒரு நூலே எழுதியவர். பண்பாட்டு அமைச்சர் பதவி அவருக்கு வெகுநாள் கனவாக இருந்திருக்க வேண்டும். கிடைத்தபோதோ அரங்குகளெல்லாம் பூட்டிக் கிடந்தன. 2020 அக்டோபர் இறுதியில் மூடிய திரையரங்குகளும் நாடக அரங்குகளும் டிசம்பர் 15இல் திறக்கும் என்று சொல்லப்பட்டு, நாள் நெருங்கிய வேளையில் இல்லையென்று ஆனது. ஒத்திகை முடித்துச் சுவரொட்டி ஒட்டிய குழுக்கள் இருந்தன. 2021 மார்ச் 4இல் கலைஞர்கள் பாரிசின் ஓதெயோன் அரங்கத்துக்குள் புகுந்து தங்கிவிட்டார்கள். எட்டு நாட்களில் செசார் திரைப்பட விருது விழாவில் நடிகை கொரின் மசியேரோ மேடையில் ஆடை களைந்து எதிர்ப்பைத் தெரிவித்தார். அதே மாதம் பாஷ்லோவையே கொரோனா தொற்றி மருத்துவமனையில் சேர்த்தது. மே 19இல்தான் அரங்குகள் திறந்தன.

இந்த இழையில் இதுவரை சொல்லப்படாத ஒரு நல்ல செயலையும் குறிப்பிட வேண்டும். 1892இல் பிரெஞ்சுப் படை, இன்றைய பெனின் நாட்டில் இருந்த தகோமே அரசின் அபோமே அரண்மனையிலிருந்து கொள்ளையடித்துக் கொண்டுவந்தவற்றில் 26 பொருட்களைப் பெனினுக்குத் திருப்பித் தர வழிசெய்த 2020 டிசம்பர் 24ஆம் தேதியச் சட்டம் அவர் காலத்தது. அரசுத் தொகுப்பில் சேர்ந்த எதையும் பிரிக்கவே முடியாது என்ற பழைய பிரெஞ்சுக் கோட்பாட்டை, இந்தப் பொருட்களுக்காகத் தனிச் சட்டம் இயற்றித் தளர்த்தினார்கள். 2021 நவம்பரில் அவை ஊர் திரும்பின.

பதவி விலகி ஓராண்டுகூட ஆகாத 2023 ஜனவரியில் '682 நாட்கள்' என்ற நூலை வெளியிட்டு, அரசிடம் இவ்வளவு உதவி பெற்றும் நன்றி காட்டவில்லை என்று கலை உலகத்தைக் கடிந்துகொண்டார். கதிரவன் சொன்னது எனக்கு அங்கேதான் உறைத்தது. நாற்காலியின் சூடு ஆறுமுன் எழுதப்படும் புத்தகம் அமைச்சரின் சாட்சியமா, வரப்போகும் தொலைக்காட்சிப் பருவத்துக்கான முன்னுரையா என்று வாசகரால் பிரித்தறிய முடிவதில்லை. 2012 தேர்தலில் சார்க்கோசி தோற்றபோதும் அவர் அந்தப் பிரசாரத்தைப் பற்றி உடனே ஒரு நூல் கொண்டுவந்தார்.


பதிவு 7 | மாலதி

கதிரவன் தம்பி, என் வரிசைக்கு 2020 பதில் சொல்லவில்லை என்று எழுதியிருந்தீர்கள். இரண்டு நாள் யோசித்தேன். நீங்கள் சொன்னது சரி. முகக்கவசத்தில் கிடைத்த பெயர், உடற்பயிற்சிக் கூடத்தின் மேல் போர்த்தப்பட்டுவிட்டது. அந்த மாலி நாட்டு அம்மா படிவத்தைக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்த பார்வை இன்னும் எனக்கு நினைவிருக்கிறது. அவரை எந்தத் தொலைக்காட்சியும் அழைக்கவில்லை.

ஆனால் 2016ஐப் பற்றி ஐயா எழுதியதில் ஒரு பாதி விட்டுப்போயிற்று. நடாலைப் பற்றி அவர் பேசியது மார்ச்சில். அதே ஆண்டு மே மாதத்தில், தேசியப் பேரவையின் துணைத் தலைவர் ஒருவர் மீது பல பெண்கள் பாலியல் தொல்லைப் புகார் சொன்னார்கள். அவர் அந்தப் பொறுப்பிலிருந்து விலகினார். மே 15இல் இடதுசாரி, வலதுசாரி என்ற வேறுபாடின்றிப் பதினேழு முன்னாள் பெண் அமைச்சர்கள் சேர்ந்து ஞாயிறு இதழ் ஒன்றில் கூட்டறிக்கை வெளியிட்டார்கள். இனி வாய்மூடி இருக்க மாட்டோம், எல்லா அத்துமீறல்களையும் வெளியே சொல்வோம் என்றார்கள். கிறிஸ்தீன் லகார்தும் எலிசபெத் கிகுவும் ஃப்ளேர் பெல்லரனும் அதில் இருந்தார்கள். பாஷ்லோவும் இருந்தார். உலகம் முழுவதும் 'நானும்' (மீ டூ) என்ற குரல் எழுந்தது அதற்கும் ஒன்றரை ஆண்டு கழித்துத்தான்.

அந்த அறிக்கையின் வலுவே அதில் கையெழுத்திட்டவர்கள் முன்னாள் அமைச்சர்கள் என்பதுதான். துப்புரவு வேலைக்குப் போகும் எங்கள் பகுதிப் பெண்கள் பதினேழு பேர் கையெழுத்துப் போட்டிருந்தால் எந்த இதழ் முதல் பக்கத்தில் வெளியிட்டிருக்கும்? ஒரே வசந்த காலத்தில், இரண்டு மாத இடைவெளியில், பழைய பதவியின் எடையோடு அவர் இரண்டு சொற்களைச் சொன்னார். ஒன்று குற்றமற்ற ஒருவரைக் காயப்படுத்தியது. மற்றது பேச முடியாதவர்களுக்கு வாய் தந்தது. எடை ஒன்றுதான். முதலாவதில் கையில் சான்றில்லை. இரண்டாவது, சொன்னவர்கள் தங்கள் உடம்பிலேயே அறிந்தது.

அவர் மேடையில் இருக்கவே கூடாது என்று யாராவது சொன்னால் என்னால் ஒப்ப முடியாது.


பதிவு 8 | கதிரவன்

அக்கா, அந்தக் கூட்டறிக்கையை நான் கணக்கில் எடுக்கவில்லை. நீங்கள் சொன்ன வேறுபாட்டை ஏற்கிறேன். தனக்குத் தெரிந்ததைச் சொல்லும்போது முன்னாள் அமைச்சரின் குரல் தேவை. பாஷ்லோவை மேடையிலிருந்து இறக்க வேண்டும் என்பது என் நோக்கம் இல்லை.

அவர் எந்தத் தகுதியில் பேசுகிறார் என்று பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும் என்பது மட்டுமே என் கோரிக்கை. பிரெஞ்சு ஒழுங்குமுறை இந்தப் பக்கம் மெதுவாக நகர்ந்து வந்திருக்கிறது. ஒளிபரப்பு ஆணையம் (2021 இறுதி வரை சிஎஸ்ஏ, அதன்பின் ஆர்கோம்) நெடுங்காலமாக அரசியல்வாதிகளின் பேச்சு நேரத்தையே அளந்து வந்தது. கருத்துரையாளர்கள் அந்த அளவுகோலுக்கு வெளியே இருந்தார்கள். 2021 செப்டம்பரில் தொலைக்காட்சிக் கருத்துரையாளர் எரிக் செமூர் இன்னும் வேட்புமனுவைக்கூட அறிவிக்காத நிலையில் அவரை அரசியல்வாதியாகக் கருதி நேரத்தைக் கணக்கிட வேண்டியதாயிற்று. அவர் பாஷ்லோவின் பாதையை எதிர்த்திசையில் நடந்தவர். விவாத மேடையிலிருந்து நேரே குடியரசுத் தலைவர் தேர்தலுக்குப் போய் 7 விழுக்காடு வாக்குப் பெற்றார். 2024 பிப்ரவரி 13இல் நாட்டின் உச்ச நிர்வாக நீதிமன்றம், ஓர் அலைவரிசையின் கருத்துப் பன்மையைச் சரிபார்க்கும்போது அரசியல்வாதிகளோடு நிற்காமல், கருத்துரையாளர், நெறியாளர், விருந்தினர் எல்லோருடைய பேச்சையும் பார்க்க வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது.

இருந்தாலும் அது கட்சிச் சாய்வை அளக்கும் கோல். பாஷ்லோவின் சிக்கல் கட்சிச் சாய்வு இல்லை. அவர் வலதுசாரியாக இருந்துகொண்டே ஒருபால் திருமணத்தை ஆதரித்தவர். அவர் செய்து முடித்த வேலையே அவர் விமர்சிக்கும் பொருளாகவும் இருப்பதுதான் சிக்கல். ஆகவே எளிய ஒன்றைச் சொல்கிறேன். திரையின் கீழே பெயருக்கு அடியில் "முன்னாள் அமைச்சர்" என்று மட்டும் போடுகிறார்கள். அது பதக்கம் போலத்தான் இருக்கிறது. மருத்துவமனையைப் பற்றிப் பேசும் நாளில் "2009ஆம் ஆண்டு மருத்துவமனைச் சட்டத்தைக் கொண்டுவந்த அமைச்சர்" என்று போட்டால் என்ன? ஒரே வரிதானே?


பதிவு 9 | இளவழகி

சட்டப்படி அதற்குத் தடையேதும் இல்லை. செய்தி அறை விரும்பினால் இன்றே செய்யலாம். சட்டமாக்கிக் கட்டாயப்படுத்துவதை மட்டும் நான் விரும்ப மாட்டேன். ஒருவருடைய வாழ்க்கையிலிருந்து எந்த வரியைத் தேர்ந்து அவர் பெயருக்குக் கீழே போடுவது என்று அரசு சொல்லத் தொடங்கினால், பாஷ்லோவின் பெயருக்குக் கீழே 1998 வருமா 2009 வருமா என்பதும் ஆளும் கட்சியைப் பொறுத்து மாறிவிடும்.


பதிவு 10 | திருவேங்கடம்

கதிரவன், உங்கள் ஒரு வரியை நான் முழுமனத்தோடு ஏற்கிறேன். இளவழகி அம்மா சொல்வது போலச் செய்தி அறையே அதை எழுதட்டும். நானும் ஒன்று சேர்க்கிறேன். 2001 செப்டம்பர் 21இல் தூலூஸ் நகரின் ஆசெட்எஃப் இரசாயன ஆலை வெடித்து 31 பேர் இறந்தார்கள். அதையடுத்து, ஆபத்தான ஆலைகளைச் சுற்றிக் குடியிருப்புகளைக் கட்டுப்படுத்தும் சட்டம் 2003 ஜூலை 30இல் வந்தது. அதைக் கொண்டுவந்த சுற்றுச்சூழல் அமைச்சர் பாஷ்லோ. ஏதாவது ஓர் ஆலை தீப்பிடித்த நாளில் அவர் மேடையில் இருந்தால், அந்தச் சட்டத்தின் பெயரும் அவர் பெயருக்குக் கீழே வரட்டும். அப்போது நெறியாளர் அவரிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வியும் தானாகவே அமைந்துவிடும்: ஆலைக்கு அருகில் வீடு வைத்திருப்பவர் தன் சன்னல்களை வலுப்படுத்த ஆகும் செலவை யார் தருவதென்று உங்கள் சட்டம் சொன்னது?

அந்தக் கேள்விக்கு விடை சொல்ல அவரைவிடத் தகுதியானவர் அந்த மேடையில் வேறு யார் இருக்கப்போகிறார்கள்?